காலத்தை ஆண்ட அறிஞர் ஒருவர் அராலியில் பிறந்திருந்தால்

வாசகர் ஒருவரின் கேள்வி – 3 ஆகஸ்ட் 2025

காலத்தை நிறுத்தவும் பின்னோக்கித் திருப்பவும் வல்ல மந்திர அறிஞர் ஒருவரின் வாழ்க்கை வரலாற்றைக் கற்பனையாக எழுதி வருகிறேன். பிறப்பு, குரு, போட்டி, மரணம், அவருக்குப் பின் வந்த மாணவர்கள் எல்லாம் இருக்கின்றன. கதை யாழ்ப்பாணத்தில் நடக்கிறது. ஆனால் யாழ்ப்பாணத்துக்குக் காலமந்திரம் என்று ஒரு மரபு கிடையாது என்பதால், மேலைநாட்டுக் கதைகளில் வரும் மணற்கடிகாரத்தையும் கோபுரக் கடிகாரத்தையுமே கையாண்டிருக்கிறேன். வேறு யோசனை இருந்தால் சொல்லுங்கள்.

3 ஆகஸ்ட் 2025, இரவு

மணற்கடிகாரத்தை எடுத்துவிடுங்கள். மரபு கிடையாது என்பதை நான் ஏற்கவில்லை.

வட்டுக்கோட்டைக்கு அயலூரான அராலியில் 1649இல் பிறந்த இராமலிங்க ஐயர் 1667இல் பஞ்சாங்கம் கணித்தார். அப்போது அவருக்கு வயது 18. ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்தைப் பிடித்து ஒன்பது ஆண்டுகளே ஆகியிருந்தன. கோயில்கள் இடிபட்டு, சைவக் கிரியைகளை வெளிப்படையாகச் செய்ய முடியாதிருந்த அந்தக் காலத்தில், திருவிழா நடவாத ஊரில் திருவிழாவின் நாள் எது என்பதை ஓர் இளைஞர் கணித்து ஓலையில் எழுதிக்கொண்டிருந்தார். உங்கள் அறிஞரின் பிறப்பையும் இளமையையும் இங்கிருந்து தொடங்கலாம். காலத்தை நிறுத்துவதைவிட, பிறர் நிறுத்திவிட்ட ஒரு காலத்தை நிற்கவிடாமல் எண்ணிக்கொண்டிருப்பது பெரிய வல்லமை என்று எனக்குப் படுகிறது.

5 ஆகஸ்ட் 2025

மந்திரம் எப்படி வேலை செய்யும் என்று கேட்டிருந்தீர்கள். எனக்குத் தெரிந்த வழியைச் சொல்கிறேன்.

என் அம்மப்பா பஞ்சாங்கம் கணிப்பவர் அல்லர். ஆனால் கணித்த ஓர் ஐயரிடம் சிறு வயதில் இருந்து பழகியவர். விறாந்தையில் பனம்பாயை விரித்து, சோகிகளை, அதாவது சோழிகளை, குவியல் குவியலாக வைத்து, வாய்க்குள் ஏதோ முணுமுணுத்தபடி கூட்டுவார், வகுப்பார், மிச்சத்தை ஒதுக்குவார். தாயம் விளையாடுகிறார் என்றே நாங்கள் நினைத்தோம். அவர் முணுமுணுத்தவை வாக்கியங்கள் என்பது வெகு காலத்துக்குப் பின்புதான் எனக்குத் தெரிந்தது.

கடபயாதி என்னும் முறையில் ஒவ்வொரு மெய்யெழுத்துக்கும் ஓர் எண் உண்டு. சொல்லின் எழுத்துகளை எண்ணாக்கி வலமிருந்து இடமாக வாசிக்க வேண்டும். 'தேவரம்' என்றால் 8, 4, 2. திருப்பி வாசித்தால் 248. இறுதி மகர ஒற்றுக்கு மதிப்பில்லை. தமிழ் எழுத்தில் தகரம் ஒன்றே என்றாலும் இந்தத் 'தே' வடமொழியின் மூன்றாம் தகரம் என்பதை ஒலியால் அறிந்திருக்க வேண்டும். ஓலையை மட்டும் திருடிக்கொண்டு போனவனுக்கு எண் கிடைக்காது. கதைக்கு இதைவிட நல்ல பூட்டு எங்கே கிடைக்கும்?

சந்திரன் சில நாட்களில் விரைந்தும் சில நாட்களில் மெதுவாகவும் நகரும். அந்த விரைவு மந்தத்தின் ஒரு சுற்று இருபத்தேழரை நாளுக்குச் சற்று மேல். ஒன்பது சுற்றுகள் கூடினால் ஏறக்குறைய மிச்சமில்லாமல் 248 நாள் வரும். ஆகையால் 248 நாட்களுக்கும் 248 வாக்கியங்கள். முதல் வாக்கியம் 'கீர்ந: ச்ரேய:' என்பது. சொல்லாகக் கேட்டால் நமக்கு வாக்கே நன்மை என்பது போன்ற பொருள். எண்ணாக வாசித்தால் 12 பாகை 3 கலை (பாகையில் அறுபதில் ஒரு பங்கு கலை), அதாவது சந்திரன் மிக மெதுவாக நகரும் நாளின் நடை. இன்னும் நீண்ட சுற்றுகளுக்கு 3031 நாள் என்றும் 12372 நாள் என்றும் எண்கள் உண்டு. அவற்றுக்கும் சொற்கள் உண்டு. எகிப்தில் கண்டெடுக்கப்பட்ட கிரேக்கப் பப்பிரசு ஏடுகளிலும் இதே 248, 3031 என்ற எண்கள் இருக்கின்றன. பனம்பாயில் சோகி வைத்தவர் எவ்வளவு நீண்ட சங்கிலியின் கடைசிக் கண்ணியைப் பிடித்துக்கொண்டிருந்தார் என்று நினைக்கும்போது எனக்கு உடல் சிலிர்க்கிறது.

உங்கள் அறிஞருக்கு ஒரே ஒரு மந்திர விதியை நான் முன்மொழிகிறேன். அவர் சொன்ன நேரத்தில் வானம் நடந்தால் அவருக்கு ஒன்றும் ஆகாது. வாக்கு எவ்வளவு பிசகுகிறதோ அவ்வளவு நேரம் அவருடைய ஆயுளில் கழியும்.

6 ஆகஸ்ட் 2025

இது கணக்குத்தானே, மந்திரம் எங்கே என்று ஒருவர் கேட்டிருக்கிறார். எழுதாமல், பாராமல், இருநூற்று நாற்பத்தெட்டுச் சொற்களை மனத்தில் வைத்துக்கொண்டு, வருகிற மாசியில் எந்த இரவில் நிலவு கறுக்கும் என்று இன்றைக்கே சொல்லும் ஒருவரைப் பக்கத்தில் இருந்து பார்த்தவருக்கு இந்தக் கேள்வி எழாது.

11 ஆகஸ்ட் 2025

போட்டி பற்றி. இதற்கு நீங்கள் எதையும் புனைய வேண்டியதில்லை.

அமெரிக்க மிஷனரிமார் 1823இல் வட்டுக்கோட்டையில் செமினரியைத் தொடங்கினார்கள்; டானியல் பூர் அதன் முதல்வர். அராலியில் அப்போது இராமலிங்க ஐயரின் வழியில் வந்த விசுவநாத சாஸ்திரியார் பஞ்சாங்கம் கணித்துக்கொண்டிருந்தார். வண்ணைக் குறவஞ்சியும் நகுலமலைக் குறவஞ்சியும் பாடியவர் அவரே. வருவதைக் கணித்துச் சொல்வதைத் தொழிலாகக் கொண்ட ஒருவர், வருவதைக் குறியாகச் சொல்லும் குறத்தியைத் தன் பாட்டுக்குத் தலைவியாக்கினார் என்பதை உங்கள் கதையில் விட்டுவிடாதீர்கள்.

1829 மார்ச் 20ஆம் திகதி ஒரு சந்திர கிரகணம். சாஸ்திரியாரின் பஞ்சாங்கம் சொன்ன தொடக்க நேரத்துக்கும் பூர் கணித்த நேரத்துக்கும் 15 நிமிட வேறுபாடு இருந்தது. நீடிக்கும் நேரத்திலும் மறைப்பின் அளவிலும்கூட வேறுபாடு இருந்தது. பூர் இதை முன்கூட்டியே ஊரறியச் சொல்லிவைத்தார். அன்றிரவு வானம் செமினரியின் பக்கம் நின்றது. அந்த 15 நிமிடத்தை ஒரு சமயத்தின் பிழையாகவே காட்டி மிஷனரிமார் எழுதினார்கள்.

சிறுவனாக இருந்தபோது இந்தக் கதையைக் கேட்ட நாளிலிருந்து எனக்கு அதில் ஒரு காயம் இருக்கிறது. ஆகவே, உங்கள் அறிஞர் இந்தப் போட்டியில் வெல்ல வேண்டும் என்று எழுதத்தான் வந்தேன். எழுதிய பிறகு மனம் ஒப்பவில்லை. அவர் தோற்க வேண்டும். 15 நிமிடம் அவர் ஆயுளில் கழிய வேண்டும். அந்த நிமிடங்கள் எந்த நிமிடங்கள் என்பதில் உங்கள் கதை இருக்கிறது.

இன்னொன்றும் நினைவுக்கு வருகிறது. 1829க்கு நான்கு ஆண்டுகளுக்கு முன், புதுச்சேரியில் ஜோன் வாரன் என்பவர் தமிழ்க் கணிதர் ஒருவரை இருத்தி, 1825 மே 31 இரவின் கிரகணத்தைக் கணிக்கச் சொன்னார். அவரும் சோகிகளைத் தரையில் வைத்து, மனப்பாடத்திலிருந்தே கணித்தார். தொடக்கம் 4 நிமிடம் பிசகியது. நடு 23 நிமிடம் பிசகியது. முடிவு 52 நிமிடம் பிசகியது. வாரன் அந்தக் கணிதரை எள்ளவில்லை. ஒவ்வொரு படியையும் எழுதி அச்சிட்டார். 1952இல் கணித வரலாற்றறிஞர் ஓட்டோ நொய்கெபவர் அந்தப் பக்கங்களை எடுத்துவைத்து, அழிந்துபோன ஒரு பழங்கணக்கு உயிரோடு இயங்கியதைப் பார்ப்பதுபோலப் பார்த்தார். ஒரே வகைப் பிழை ஓர் ஊரில் அவமானமாயிற்று, இன்னோர் ஊரில் ஆவணமாயிற்று.

12 ஆகஸ்ட் 2025

இரவு முழுதும் யோசித்தேன். யாழ்ப்பாணம் கிழக்கு நெடுங்கோடு 80 பாகையில் இருக்கிறது. நம் கடிகாரங்கள் காட்டுவதோ 82½ பாகையின் நேரம். ஒரு பாகைக்கு 4 நிமிடம் வீதம் நம் சூரியன் கடிகாரத்துக்கு 10 நிமிடம் பிந்தியே உச்சிக்கு வருகிறது. அந்த 15 நிமிடத்தில் 10 நிமிடம் இந்த வகையில் கழிந்துவிடாதா?

14 ஆகஸ்ட் 2025

கழியாது. மேலே நான் எழுதியது பிழை. இன்றைய நியம நேரம் 1829இல் இருக்கவில்லை. பூரும் சாஸ்திரியாரும் ஒரே சூரியனைக் கொண்டே, அயலூர்களில் இருந்துகொண்டே நேரம் பார்த்தார்கள். விருப்பம் கணக்குக்குள் நுழைந்தால் என்ன ஆகும் என்பதற்கு என் 12ஆம் திகதிக் குறிப்பு சாட்சியாக அப்படியே இருக்கட்டும்.

ஆனால் நெடுங்கோட்டை எண்ணத் தொடங்கியதில் உங்கள் கதைக்கு ஒன்று கிடைத்தது. சித்தாந்தங்கள் எனப்படும் பழைய வானியல் நூல்கள் நேரத்தை 'இலங்கை'யிலிருந்து கணக்கிடுகின்றன. ஆனால் அது நாம் இருக்கும் இலங்கை அன்று. உச்சயினிக்கு நேர் தெற்கே, பூமத்திய கோட்டில், கடலுக்கு நடுவில் கற்பிக்கப்பட்ட ஒரு புள்ளி அது. உண்மையான யாழ்ப்பாணம் அந்தக் கோட்டிலிருந்து நான்கு பாகைக்கும் சற்று மேலாகக் கிழக்கே இருக்கிறது. தேசாந்தரம் என்ற பெயரில் ஏறத்தாழ 17 நிமிடத்தைத் திருத்திக்கொள்ள வேண்டும். இலங்கையிலேயே பிறந்த உங்கள் அறிஞரின் குரு அவருக்குச் சொல்லிக்கொடுக்கும் முதற்பாடம், 'கணக்கின் இலங்கை வேறு, உன் முற்றம் வேறு' என்பதாக இருக்கலாம்.

22 ஆகஸ்ட் 2025

பின்னோக்கிச் செல்லும் காட்சி ஒன்றாவது வேண்டும் என்கிறீர்கள். நான் பின்னோக்கிச் சென்றிருக்கிறேன். என் வயதையொத்த பலரும் சென்றிருக்கிறார்கள்.

1996 மே மாதத்தில் மின்சாரத்தைச் சேமிப்பதற்காக அரசாங்கம் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது; அதே ஆண்டு ஒக்ரோபரில் அரை மணித்தியாலத்தைத் திருப்பிக் கொடுத்தது. மற்ற அரை மணித்தியாலம் 2006 சித்திரைப் புத்தாண்டை ஒட்டியே திரும்பி வந்தது. இடைப்பட்ட ஆண்டுகளில் புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த வன்னியில் பழைய நேரமே நடந்தது. 2002இல் ஏ9 பாதை திறந்தபின் நான் யாழ்ப்பாணத்திலிருந்து வவுனியாவுக்குப் போனேன். முகமாலையில் இராணுவத்தின் சாவடியைப் புதிய நேரம் இரண்டு மணிக்குக் கடந்தேன். சூனியப் பகுதியைக் கடந்து மறுபக்கச் சாவடிக்கு வந்தபோது அங்கே சுவர்க்கடிகாரத்தில் ஒன்றே முக்கால். வெயில் மாறவில்லை, என் நிழல் மாறவில்லை, பையின் பாரம் மாறவில்லை. கால் மணித்தியாலம் நடந்து, கால் மணித்தியாலம் முந்திப் போயிருந்தேன். ஓமந்தையில் அந்த அரை மணித்தியாலத்தை மறுபடியும் பறிகொடுத்தேன்.

அந்நாட்களில் கல்யாண ஓலைகளில் முகூர்த்தத்துக்குப் பக்கத்தில் பழைய நேரமா புதிய நேரமா என்று கேட்டு எழுதுவித்துக்கொள்வோம். அம்மப்பா மட்டும் கேட்டதில்லை. உதயத்திலிருந்து எத்தனை நாழிகை என்பதுதான் அவருக்கு வேண்டும். உதயத்தை எந்த அரசாங்கமும் மாற்றவில்லை. 1995 ஒக்ரோபர் இறுதியில் வலிகாமம் முழுவதும் இடம்பெயர்ந்தபோது அவர் ஏட்டுக்கட்டை விட்டுவிட்டுச் சோகிப் பையை மட்டும் இடுப்பில் செருகிக்கொண்டு வந்தார். ஏடு எனக்கு மனப்பாடம், சோகிக்கு எங்கே போவது என்றார். திரும்பி வந்தபோது ஏடும் இல்லை, கூரையும் இல்லை.

30 ஆகஸ்ட் 2025

அறிஞரின் மாணவர்கள் இரண்டாகப் பிரிய வேண்டும் என்று கேட்டவருக்கு: அந்தப் பிரிவும் நம் வீடுகளில் இருக்கிறது. கொக்குவிலில் இருந்து வரும் வாக்கிய பஞ்சாங்கம், மட்டுவிலில் இருந்து வரும் திருக்கணித பஞ்சாங்கம். ஒவ்வொரு சித்திரைப் பிறப்புக்கும் மருத்துநீர் வைக்கும் நேரம் இரண்டு விதமாக வருகிறது. எங்கள் வீடு வாக்கியம். நான் மணந்த வீடு திருக்கணிதம். மாமி வைத்த மருத்துநீர் ஒரு நேரத்தில், அம்மா வைத்தது இன்னொரு நேரத்தில். இரண்டையும் தலையில் வைத்துக்கொண்டிருக்கிறேன்.

வேறுபாட்டின் காரணம் உங்கள் கதைக்கு வேண்டியது. வாக்கியக் கணக்கு சந்திரனின் நடையில் ஒரு திருத்தத்தை மட்டும் கொள்கிறது. சூரியன் சந்திரனை இழுப்பதால் வரும் மற்ற ஏற்றத்தாழ்வுகளைக் கொள்வதில்லை. ஆகையால் அதில் ஒரு திதி 60 நாழிகையிலிருந்து 5 கூடும், 6 குறையும். 'பாண விருத்தி ரச க்ஷயம்' என்பார்கள். மன்மதனின் பாணம் ஐந்து, சுவை ஆறு. உண்மையான திதியோ ஐம்பது நாழிகைக்கும் இறங்கும், அறுபத்தாறைத் தாண்டியும் ஏறும். ஆனால் அந்த ஒற்றைத் திருத்தத்தின் அளவைப் பழையவர்கள் ஏறத்தாழ 5 பாகையாக வைத்தார்கள். அமாவாசையிலும் பௌர்ணமியிலும் சந்திரன் உண்மையில் காட்டும் அளவு அதுவே. எட்டாம் திதியில் பிசகினாலும் கிரகண நாளில் பிசகக் கூடாது என்று அளந்து செய்த கருவி அது. கிரகணத்திலேயே 15 நிமிடம் பிசகியது ஏன் அவ்வளவு வலித்தது என்பது எனக்கு இப்போதுதான் முழுதாகப் புரிகிறது.

8 செப்டம்பர் 2025, அதிகாலை

இப்போதுதான் அராலித்துறையிலிருந்து திரும்பினேன். நேற்று இரவு முழுச் சந்திர கிரகணம். பகுதி மறைப்பு இரவு 9.57க்குத் தொடங்கும், 11.00க்கு முழுதும் மூடும், 12.22க்கு விடத் தொடங்கும், 1.26க்கு முடியும் என்று கணிப்பு. ஏறக்குறைய எட்டரை நாழிகை. கடலேரி ஓரமாகப் பாய் விரித்து, கடிகாரத்தைத் தம்பியின் மகனிடம் கொடுத்துவிட்டு, கண்ணால் மட்டும் பார்த்து நேரம் சொல்வது என்று முடிவு செய்திருந்தேன்.

முடியவில்லை. முதற்கடி எப்போது விழுந்தது என்று என்னால் திட்டமாகச் சொல்ல இயலவில்லை. நிழலின் விளிம்பு கத்தியால் வெட்டியது போல இல்லை. ஈரம் ஊறுவது போலப் பரவுகிறது. 'இப்போது' என்று நான் சொன்னபோது பையன் 10.01 என்றான். நான்கு நிமிடம் பிந்தினேன். முழுதும் மூடியபோது சந்திரன் ஆறிய செங்கல்லின் நிறத்தில் கடலேரிக்கு மேலே நின்றது. அக்கரையில் நாய்கள் குரைப்பது மட்டும் கேட்டது.

சந்திரன் ஒரு மணித்தியாலத்தில் ஏறக்குறையத் தன் அகலத்தையே கடக்கிறது. அப்படியானால் 15 நிமிடப் பிசகு என்பது நிலவின் அகலத்தில் கால் பங்கு. நூற்றாண்டுகளுக்கு முன் எங்கோ தொடங்கிய எண்ணிக்கை, ஓலையிலிருந்து ஓலைக்கும் வாயிலிருந்து வாய்க்கும் வந்து, நிலவின் கால் பங்குக்குள் வந்து நின்றிருக்கிறது. இதை நான் நேற்று வரை தோல்வி என்று அழைத்துக்கொண்டிருந்தேன்.

ஆனாலும், நான்கு நிமிடப் பிசகைக் கண் தவறவிடும், பதினைந்தைத் தவறவிடாது. சாஸ்திரியாரும் அன்றிரவு முற்றத்தில் நின்றிருந்தால் கண்டிருப்பார். இதை எழுதக் கை கூசுகிறது. எழுதாமல் விட மனம் வரவில்லை.

10 செப்டம்பர் 2025

5 ஆகஸ்டில் சொன்ன மந்திர விதியை மாற்றுகிறேன். பிசகிய நேரம் ஆயுளில் கழிவது, பிசகை மறைத்தால் மட்டுமே. கண்டதைக் கண்டபடி ஓலையின் ஓரத்தில் எழுதி வைத்தால் ஒரு விநாழிகையும் கழியாது. மாறாக, அந்த ஓலையை வாசிக்கும் மாணவனின் வாக்கு அவ்வளவு நேரம் திருந்தும்.

இதற்கும் முன்னோர் இருக்கிறார்கள். கேரளத்துப் பரமேசுவரர் 55 ஆண்டுகள் கிரகணங்களையும் கிரகச் சேர்க்கைகளையும் பார்த்து, பழைய கணக்கு வானத்தோடு ஒட்டவில்லை என்று கண்டு, 1431இல் திருக்கணிதத்தை அமைத்தார். திருக் என்றால் பார்வை. ஆகவே திருக்கணிதம் வெள்ளைக்காரன் கொண்டுவந்தது என்று எங்கள் வீட்டில் பேசிவந்ததை நான் இனிப் பேச மாட்டேன். மாமியிடமும் இதைச் சொல்லிவிட்டேன். அவர் சிரித்துக்கொண்டே தேநீர் ஊற்றினார்.

இனி உங்கள் அறிஞரின் முதுமை. போட்டி முடிந்த இரவு. செமினரிப் பக்கம் கூட்டம் கலைந்துவிட்டது. அவர் விளக்கைத் தூண்டி, தன் பஞ்சாங்க ஓலையை எடுத்து, தான் சொன்ன நேரத்துக்குப் பக்கத்தில் தான் கண்ட நேரத்தை எழுதுகிறார். அடுத்த ஆண்டு ஓலையில் ஒவ்வொரு கிரகணத்துக்கும் பக்கத்தில் ஒரு விரற்கிடை வெறுமையாக விடுகிறார். மாணவன், இங்கே என்ன எழுதுவது ஐயா என்று கேட்கிறான். நீ பார்த்ததை என்கிறார். அந்த ஓலை 1981இல் யாழ்ப்பாண நூலகத்தோடு எரிந்ததா, 1995இல் என் அம்மப்பாவின் கூரையோடு போனதா என்பதை நீங்களே முடிவு செய்யுங்கள். ஓலை தப்ப வேண்டும் என்று மட்டும் நான் கேட்க மாட்டேன். வெறுமையாக விடும் வழக்கம் ஒரு மாணவனின் கையில் தப்பினால் போதும்.

சோகிப் பை இப்போது என்னிடம் இருக்கிறது. பையனுக்கு 'தேவரம்' மட்டும் சொல்லிக்கொடுத்திருக்கிறேன். 248 என்று சரியாகச் சொன்னான்.

13 செப்டம்பர் 2025

8ஆம் திகதிக் குறிப்பில் திருத்தம். பகுதி மறைப்புத் தொடங்கியதிலிருந்து முடியும் வரை 209 நிமிடம். நாழிகைக்கு 24 நிமிடமாக வகுத்தால் 8 நாழிகை 42 விநாழிகைக்குச் சற்று மேல் வரும். எட்டரை என்று எழுதியிருந்தேன். பிழையைக் கண்டது பையன்.